ஊர்க் குளத்துக்கு வரும் ஓடையை வளைத்து ஒருவர் வேலி போட்டுவிட்டார். நேரே கோர்ட்டுக்குப் போகலாமா?

போகலாம். ஆனால் வக்கீல் கேட்கும் முதல் கேள்வி, "சர்வே நம்பர் என்ன, தாசில்தாருக்கு மனு கொடுத்தாச்சா?" என்பதுதான். அதற்குப் பதில் இல்லாமல் இரண்டு வருடம் அலைந்தவன் நான்.

திருநெல்வேலிச் சீமைதான் எனக்கும். ஆற்றுத் தண்ணீர் எட்டாத ஊர், மழைக் குளத்தை நம்பித்தான் பிழைப்பு. ஓடையை ஒருவர் வளைத்து வாழை வைத்ததும், "பிள்ளையார் கோவிலுக்குக் கிழக்கே உள்ள ஓடையை மீட்டுத் தரவும்" என்று கோபமாக ஒரு மனு எழுதினேன். எந்த ஓடை, எவ்வளவு நீளம், எதுவும் அதில் இல்லை. அது எங்கேயோ போய்ப் படுத்துக்கொண்டது.

ஆகவே முதல் வேலை காகிதம். தமிழ்நாடு அரசின் இ-சேவைகள் தளத்தில் ஏ பதிவேட்டை, அதாவது ஊர் நிலங்களின் அடிப்படைக் கணக்கைப் பாருங்கள். அந்த சர்வே எண் ஓடையா, குளமா, வண்டிப் பாதையா, மேய்ச்சலா என்று வகைப்பாடு இருக்கும். நிலத்தின் அளவும் எல்லையும் காட்டும் புலப்படத்தையும் எடுங்கள். கிடைக்காததைத் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேட்கலாம். 'கிராம நத்தம்', அதாவது ஊர்க் குடியிருப்புக்கான நிலம் என்றிருந்தால் கதையே வேறு. நத்தத்தில் வீடு கட்டி இருப்பவரை அரசு நிலத்தில் இருப்பவராக எண்ணிக் கிளப்ப முடியாது என்று சென்னை உயர் நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது.

அடுத்தது அளவை. எங்கள் ஊரில் சர்வேயர் வந்து சங்கிலி பிடித்த அன்று பாதி ஊர் கூடிவிட்டது. தலையாரி உடைமுள்ளை வெட்டிக் கொடுக்க, புதைந்து கிடந்த சர்வே கல்லைத் தோண்டி எடுத்தார்கள். சர்வேயர் என் சித்தப்பாவைப் பார்த்து, "அண்ணாச்சி, கல்லு ஒங்க தென்னைக்கு அந்தப் பக்கம்லா கெடக்கு" என்றார். எங்கள் இரண்டு தென்னையும் ஓடைக்குள்! மறுநாளே வெட்டினோம். வெட்டாமல் அடுத்தவர் வேலியைப் பற்றிப் பேச எந்த முகத்தோடு போவது?

பிறகு மனு. சர்வே எண், அளவு, புலப்பட நகல், போட்டோ எல்லாம் வைத்துத் தாசில்தாருக்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். திங்கட்கிழமை கலெக்டர் குறைதீர்க்கும் கூட்டத்திலும் (எங்களுக்கு அது கொக்கிரகுளம் கலெக்டர் ஆபீஸ்) ஒன்று கொடுத்து ரசீது வாங்குங்கள். வருடம் ஒருமுறை ஊர்க் கணக்கைத் தணிக்கை செய்யும் ஜமாபந்தி நேரம் என்றால் அங்கேயும். 1905-ஆம் வருட நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி 7-ஆம் பிரிவில் நோட்டீஸ் கொடுத்து விளக்கம் கேட்டு, 6-ஆம் பிரிவில் அப்புறப்படுத்துவார்கள். பொதுப்பணித் துறைக் குளமாக (இப்போது நீர்வளத் துறை) இருந்தால் 2007-இல் வந்த ஏரிகள் பாதுகாப்புச் சட்டமும் உண்டு.

எதிராளி "நான் பி மெமோ கட்டுறேன், கரண்டு இருக்கு, தீர்வை ரசீது இருக்கு" என்பார். மிரளாதீர்கள். பி மெமோ ஆக்கிரமிப்புக்குப் போடும் அபராதம். அதுவே அவர் வாயால் ஒப்புக்கொண்ட மாதிரி. நாள்பட்ட அனுபவத்தால் நிலம் எனக்கே என்று வாதாடினாலும், அரசு நிலத்துக்கு அந்தக் கணக்கு 30 வருடம். நீர்நிலை என்றால் கோர்ட்டுகள் இன்னும் கறார். ஊர்ப் பொது நிலத்தை மீட்கச் சொல்லி 2011-இல் உச்ச நீதிமன்றம் ஜக்பால் சிங் வழக்கில் எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது. மனுவில் அதை ஒரு வரி எழுதுங்கள்.

பாதையையோ வாய்க்காலையோ அடைத்து உடனடித் தொந்தரவு என்றால் ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) போகலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 133-ஆம் பிரிவு, 2024 ஜூலையிலிருந்து புதுச் சட்டத்தில் 152. சிவில் கோர்ட்டில் பொதுத் தொல்லை வழக்குப் போட இரண்டு பேராவது சேர்ந்து கோர்ட் அனுமதி வாங்க வேண்டும். அந்த வழி இழுக்கும், எனக்குப் பிடிக்காது.

மனு அசையவில்லை என்றால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட், அதாவது அதிகாரி தன் கடமையைச் செய்யும்படி உத்தரவிடக் கேட்கும் மனு. 'இத்தனை வாரத்தில் முடிவெடு' என்று தாசில்தாருக்கு உத்தரவு வரும். அது பாதி வெற்றிதான். கெடு முடிந்தும் நடக்காவிட்டால் அவமதிப்பு மனு.

எங்களுக்கு ஆள் சேர்த்துத் தந்தது மழை. 2023 டிசம்பர் 17, 18-இல் ஓடை தன் பழைய வழியைக் கேட்டு வாழையைச் சாய்த்துக்கொண்டு தெருவுக்குள் வந்தது. 'நமக்கு எதுக்கு வம்பு' என்றவர்களெல்லாம் வரிசையில் நின்று கையெழுத்துப் போட்டார்கள். வேலி போய்விட்டது.

ஒன்று மட்டும், வேலியை எடுத்ததும் எல்லைக்கல் நட்டுத் தூர்வாரச் சொல்லி அதே மனுவில் கேட்டுவிடுங்கள். நாங்கள் விட்டுவிட்டோம். இப்போது அங்கே உடைமரம் அடைத்து நிற்கிறது, அதற்குத் தனியாக ஒரு மனு ஓடிக்கொண்டிருக்கிறது.