மராத்தி நூல்களுக்கென்றே தொடங்கிய பொது நூலகம் எது? அதன் வரலாறு என்ன?

மும்பையை அடுத்த தாணேயில் இருக்கும் மராத்தி கிரந்த சங்கிரகாலயம்தான் இதில் முன்னோடி. தொடங்கிய ஆண்டு 1893. அதற்கு முன்பே மகாராஷ்டிரத்தில் பொது நூலகங்கள் உண்டு; புனேயில் 1848-லேயே ஒன்று வந்துவிட்டது. ஆனால் அந்தக் கால நூலகங்களில் ஆங்கிலப் புத்தகங்களுக்குத்தான் பெரிய மதிப்பு. மராத்தியில் அச்சாகும் நூல்களைத் தேடிச் சேர்த்துக் காப்பதையே முதல் வேலையாக எடுத்துக்கொண்டது தாணே நூலகம்.

இதை முன்னின்று தொடங்கியவர் விநாயக் லட்சுமண் பாவே. அப்போது அவர் இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த இளைஞர்! பிற்பாடு பழைய மராத்திக் கவிகளின் ஏடுகளைத் தேடித் திரட்டி, 'மஹாராஷ்டிர சாரஸ்வத்' என்ற இலக்கிய வரலாற்றை எழுதியவரும் இவரே. என்னைக் கேட்டால், அந்த நூலையும் இந்த நூலகத்தையும் பிரித்துப் பார்க்கவே கூடாது. இரண்டும் ஒரே அக்கறையில் பிறந்தவை.

அப்புறம் 1898-இல் மும்பையிலும் இதேபோல ஒரு மராத்தி நூலகம் எழுந்தது.