தேரிக்காட்டில் பறவை பார்க்க எங்கே, எப்போது போக வேண்டும்?

பாளையங்கோட்டை வாசகர் ஒருவரின் கேள்வி: "பைனாகுலரோடு குதிரைமொழித் தேரிக்குப் போனேன். காலை பத்து மணியிலிருந்து ஒரு மணி வரை மணலில் நடந்தும் காக்காவும் நாலு மயிலும்தான் கண்ணில் பட்டன. ராஜஸ்தான் பாலைவனத்தில் அத்தனை பறவை இருக்கும்போது நம்ம தேரியில் ஏன் இல்லை? எப்போது, எங்கே நின்று பார்க்க வேண்டும்?"

திருச்செந்தூர்ப் பக்கத்துச் செம்மணல் மேட்டுக் காடான தேரியில் பறவை நிறையவே இருக்கிறது. நீங்கள் போன நேரமும் நடந்த இடமும்தான் ஒத்துவரவில்லை.

முதலில் அந்த ராஜஸ்தான் ஒப்பீட்டை விட்டுவிடுங்கள். ஜெய்சல்மேரில் ஆண்டுக்கு 200 மி.மீ. வாக்கில்தான் மழை பெய்கிறது. தூத்துக்குடிப் பக்கம் 600 மி.மீட்டரை ஒட்டிப் பெய்கிறது. பெய்ததைச் செம்மணல் ஓடவிடாமல் குடித்துவிடுவதால் மேலே பொடி மணலாகத் தெரிகிறது. உள்ளே நல்ல தண்ணீர் நிற்கிறது. அது தேரியின் ஓரங்களில்தான் சுனையாகவும் கிணறாகவும் வெளிப்படும். மேலப்புதுக்குடி அருஞ்சுனை காத்த அய்யனார் கோயில் சுனை அப்படிப்பட்டதுதான். பனையும் உடைமரமும் கொல்லாமரமும் (முந்திரி) தண்ணீரும் ஒன்றுசேர்கிற அந்த ஓரத்தில்தான் பறவைகளும் இருக்கும். நடுத்தேரி மேட்டில் நடந்தால் கால்தான் வலிக்கும்.

நவம்பர் கடைசியிலிருந்து மார்ச் வரை நல்ல பருவம். வடகிழக்கு மழை முடிந்து புல் விதை பிடித்திருக்கும், வலசை வந்த பூனைப்பருந்துகளும் சூறைக்குருவிகளும் ஊரில் இருக்கும். ஜூன் முதல் செப்டம்பர் வரை மேல்காற்று மணலை வாரி இறைக்கும். பறவைகள் புதருக்குள் ஒண்டிக்கொள்ளும், லென்சுக்குள்ளும் மணல் போகும். அந்த மாதங்களில் போகவே வேண்டாம்.

ஜனவரியில் இங்கே சூரியன் 6.40 வாக்கில் உதிக்கிறது. 6.15க்கே இடத்தில் இருக்க வேண்டும். உதயத்துக்குப் பிந்தைய இரண்டு மணி நேரம்தான் அன்றைய பாதி வேலை. ஒன்பதுக்குமேல் மணல் சூடேறி, தரையை ஒட்டிக் கானல் ஆடத் தொடங்கும். அதன்பிறகு எவ்வளவு விலை உயர்ந்த பைனாகுலரானாலும் நூறு மீட்டருக்கு அப்பால் உருவம் கலங்கித்தான் தெரியும். பத்து மடங்கைவிட எட்டு மடங்குப் பைனாகுலரே இங்கே சரி. 8x42 (எட்டு மடங்கு, 42 மி.மீ. லென்ஸ்) போதும், கை நடுக்கமும் கானல் ஆட்டமும் குறைவாகத் தெரியும். வெயில் முதுகில் விழும்படி, மேற்கே பார்த்து உட்காருங்கள். ஓர் உடைமர நிழலில் அசையாமல் முக்கால் மணி நேரம் இருந்தால், அதே நேரம் நடப்பதைவிடக் கூடுதலாகக் கிடைக்கும். வெட்டவெளியில் நிமிர்ந்து நடக்கிற ஆளைப் பறவை வெகு தொலைவிலேயே கண்டுகொள்ளும். வெள்ளைச் சட்டை கூடாது, மங்கிய மண் நிறமே நல்லது.

உட்காருமுன் மணலைப் படியுங்கள். மற்ற காட்டில் கிடைக்காத வசதி இது. நேற்றைய காற்று பழைய தடங்களை மூடியிருக்கும் என்பதால், விடிகாலையில் காண்பது பெரும்பாலும் இரவிலும் விடியலிலும் நடந்தவற்றின் தடம். வெயில் சாய்வாக விழும்போது, எட்டு மணிக்குள், பள்ளம் தெளிவாகத் தெரியும். முன்னே மூன்று விரல் அகல விரிந்து, பின்விரல் சிறு புள்ளியாக மட்டும் பதிந்திருந்தால் கவுதாரி. பின்விரல் நீளமாகப் படிந்திருந்தால் புறா அல்லது காகம். புறாவின் தடம் சிறிது, சற்று உள்நோக்கித் திரும்பியிருக்கும். மூன்றே விரல், குதிகால் பக்கம் ஒன்றுமே இல்லை, தடமும் ஓரளவு பெரிது என்றால் கண்கிலேடியாக இருக்க வாய்ப்பு உண்டு. அது இரவில் இரை தேடிவிட்டுப் பகலில் புதர் நிழலில் கல்லைப்போல் உறைந்துவிடும். அதனால் தடம் போகிற திசையில் உள்ள புதர்களின் அடியைத் தூரத்திலிருந்தே பைனாகுலரால் துழாவுங்கள். பெரிய மஞ்சள் கண்தான் முதலில் காட்டிக்கொடுக்கும்.

அடுத்தது பனை. காவோலை வெட்டாமல் தொங்கவிட்ட மரமாகப் பாருங்கள். பனை உழவாரன் அந்தக் காய்ந்த ஓலையின் உட்புறத்தில்தான் இறகையும் பஞ்சையும் எச்சிலால் ஒட்டிச் சின்னக் கிண்ணமாகக் கூடு வைக்கும். பாளை சீவுகிற மரங்களில் ஓலை கழித்திருப்பார்கள், அங்கே தேட வேண்டாம். மற்ற பறவைகள் அடங்கிய உச்சிவெயிலிலும் உழவாரன் பறந்துகொண்டிருக்கும் என்பதால் தாமதமாக வருபவருக்கும் இது நிச்சயம். தலைபோன மொட்டைப்பனையில் பனங்காடை இருக்கும். மார்ச்சுக்குமேல் ஆண் பறவை உயரப் போய்க் கரணம் போட்டபடி விழுவதைக் கட்டாயம் பாருங்கள். தேரி ஓரத்து மண் சரிவுகளில் உள்ள துளைகள் பச்சைப் பஞ்சுருட்டானின் வளைகளாக இருக்கலாம். வாயில் தும்பியோடு ஒரு பஞ்சுருட்டான் கம்பியில் உட்கார்ந்துகொண்டு போகாமலே இருந்தால், நீங்கள் வளை வாயைப் பார்க்கும் இடத்தில் நிற்கிறீர்கள் என்று பொருள். விலகிப் போய்விடுங்கள், குஞ்சு பசியோடு காத்திருக்கிறது.

இதைவிடக் கவனம் வேண்டியது ஆள்காட்டி. மஞ்சள் மூக்கு ஆட்காட்டி கோடையில் வெறுந்தரையில், பெரும்பாலும் நான்கு முட்டை இடும். மண்ணும் முட்டையும் ஒரே நிறம். சுடுகிற தரையில் தாய் முட்டைமேல் நின்று நிழல் தருகிறது, வயிற்று இறகை நனைத்துக்கொண்டு வந்தும் குளிர்விக்கிறது. உச்சிவேளையில் படம் எடுக்கிறேன் என்று அதைக் கொஞ்ச நேரம் எழுப்பி வைத்தாலே கரு வெந்துபோகும். பறவை தலைக்குமேல் சுற்றிக் கத்தினால், முன்னே போகாதீர்கள். தரையைப் பார்த்துக் கால் வைத்து, வந்த வழியே திரும்புங்கள். கைபேசியில் பறவைக் குரலை ஒலிக்கவிட்டு வரவழைப்பதும் இதே குற்றம்தான்; குரலைப் பதிவுசெய்து மெர்லின் செயலியில் இனம் காண்பதில் தவறில்லை.

மாலையில் இன்னொரு முறை போகலாம். அஸ்தமனத்துக்கு ஒரு மணி நேரம் முன்பு புல்வெளி ஓரத்தில் நில்லுங்கள். பூனைப்பருந்துகள் சிறகை லேசாக மேலே தூக்கியபடி தரையை ஒட்டி மிதந்து வரும். இருட்டியதும் கோலிக்குண்டு சிமெண்டுத் தரையில் விழுந்து துள்ளித் துள்ளி அடங்குகிற மாதிரி ஒரு சத்தம் கேட்டால் அது பக்கி என்கிற இரவுப் பறவை. மண்பாதை நடுவிலேயே உட்காரும், ஆகவே வண்டியை மெதுவாக ஓட்டுங்கள்.

தேரிக்காடு வனத்துறை வசம் உள்ளதால் உள்ளே போகுமுன் திருச்செந்தூர் வனச்சரக அலுவலகத்தில் அனுமதி கேட்டுவிடுங்கள். ஆளுக்கு இரண்டு லிட்டர் தண்ணீர் வேண்டும். செருப்பு கூடாது, உடைமுள் ரப்பரைத் துளைத்துக்கொண்டு காலில் ஏறும், கெட்டியான ஷூ போடுங்கள். மேடுகள் எல்லாம் ஒரே மாதிரி இருக்கும், காற்று உங்கள் தடத்தையும் மூடிவிடும். வண்டி நிறுத்திய இடத்தைக் கைபேசி வரைபடத்தில் குறித்துவிட்டுக் கிளம்புங்கள்.

ஒரே ஒரு காலைதான் கிடைக்கும் என்றால், தேரி ஓரத்தை ஒன்பது மணியோடு முடித்துக்கொண்டு நேரே கடம்பாகுளத்துக்குப் போங்கள். தாமிரபரணித் தண்ணீர் நிற்கிற அந்தக் குளத்தில் பதினோரு மணி வரைகூட நீர்ப்பறவை பார்க்கலாம்.