பந்துக்கும் பந்துக்கும் நடுவே – கடிதம்

வணக்கம் ஐயா,

அயோவா மாநிலத்தில் டி மொய்ன் நகரில் வசிக்கிறேன். ஏப்ரல் பிறந்துவிட்டால் பக்கத்து வீட்டுப் பெரியவர் கார் ஷெட்டைத் திறந்து வைத்துக்கொண்டு ரேடியோவில் சிகாகோ கப்ஸ் அணியின் பேஸ்பால் ஆட்டம் கேட்கிறார். வீட்டில் பெரிய டிவி இருக்கிறது. கேட்டால் "எங்கள் ஆட்டம் டிவியில் சரியாக வராது" என்கிறார். நானும் கூட உட்கார்ந்து கேட்டுப் பார்த்தேன். பாதி நேரம் ஒன்றுமே நடப்பதில்லை. நடக்கும்போது வர்ணனையாளர் வெறும் எண்களாகச் சொல்லிக்கொண்டு போகிறார். கிரிக்கெட் வர்ணனை கேட்டு வளர்ந்தவன் நான். ஆனாலும் இது பிடிபடவில்லை. இதை எப்படிக் கேட்பது? இவர்கள் ஏன் இன்னும் ரேடியோவை விடாமல் இருக்கிறார்கள்?

அன்புடன்,
ஆர்.

அன்புள்ள ஆர்.,

உங்கள் பக்கத்து வீட்டுக்காரர் சொன்னது உண்மை. ஒவ்வொரு அணிக்கும் டிவி ஒளிபரப்புக்கென்று ஒரு எல்லை உண்டு. அந்த எல்லைக்குள் இருப்பவர் அந்த அணியின் ஆட்டத்தை உள்ளூர் கேபிள் சேனலில்தான் பார்க்க வேண்டும். லீக் விற்கும் இணையச் சந்தாவில் அது மறைக்கப்படும். அயோவாவுக்கென்று மேஜர் லீக் (அமெரிக்காவின் முதல்நிலை பேஸ்பால் லீக்) அணி ஒன்றுகூடக் கிடையாது. ஆனால் கப்ஸ், ஒயிட் சாக்ஸ், கார்டினல்ஸ், ராயல்ஸ், ட்வின்ஸ், ப்ரூவர்ஸ் என்று ஆறு அணிகள் அதைத் தங்கள் எல்லையாகக் காட்டிவந்தன. கேபிள் நிறுவனம் அந்தச் சேனலைத் தரவில்லையென்றால் பார்க்க வழியே இல்லாமல் இருந்தது. அண்மையில் சில அணிகள் தங்கள் பகுதி ரசிகர்களுக்கு நேரடியாகச் சந்தா விற்கின்றன. சிக்கல் இன்னும் முழுதாகத் தீரவில்லை. ரேடியோவுக்கு இந்த வேலி கிடையாது. இரவில் மீடியம் வேவ் அலைகள் அயனி மண்டலத்தில் பட்டுத் திரும்பி நூற்றுக்கணக்கான மைல் போகும். சிகாகோவின் 670 கிலோஹெர்ட்ஸ் நிலையம் 50,000 வாட் சக்தியில் இயங்குகிறது. இருட்டியபின் உங்கள் ஊரில் அது கேட்கும்.

சென்ற நூற்றாண்டின் ரசிகர் கூட்டங்கள் இந்த அலைகளால் உருவானவை. 1958இல் நியூயார்க்கின் டாட்ஜர்ஸ், ஜயன்ட்ஸ் அணிகள் கலிபோர்னியாவுக்குப் போகும்வரை மேஜர் லீக்கின் தென்கோடி நகரம் கார்டினல்ஸின் ஊரான செயின்ட் லூயிஸ். அங்கிருந்து கேஎம்ஓஎக்ஸ் நிலையம் இரவுதோறும் அனுப்பிய குரலால்தான் தெற்கே பல மாநிலங்களில் இன்றும் கார்டினல்ஸ் குடும்பங்கள் இருக்கின்றன.

முதல் பேஸ்பால் ஒலிபரப்பு 1921 ஆகஸ்ட் 5 அன்று, பிட்ஸ்பர்க்கின் கேடிகேஏ நிலையத்தில். வீட்டிலேயே இலவசமாகக் கேட்டுவிட்டால் மைதானத்துக்கு யார் வருவார்கள் என்று அணி முதலாளிகள் பயந்தார்கள். நியூயார்க்கின் மூன்று அணிகளும் பேசிவைத்துக்கொண்டு 1934 முதல் 1938 வரை ரேடியோவைத் தடுத்தன. பிட்ஸ்பர்க்கில் கேக்யூவி என்ற நிலையம் மைதானத்துக்கு வெளியே இடம் பிடித்து, அங்கிருந்து ஆட்டத்தைப் பார்க்க ஆள் வைத்து ஒலிபரப்பியது. 1938இல் நீதிமன்றம் அதை நிறுத்தியது: ஆட்டம் நடக்கும்போது அதன் செய்தி, ஆட்டத்தை நடத்தும் அணிக்குச் சொந்தம். இன்று கோடிகளில் விற்கப்படும் ஒளிபரப்பு உரிமைக்கு அடித்தளமிட்ட தீர்ப்புகளில் இதுவும் ஒன்று. சிகாகோவில் கப்ஸின் உரிமையாளரான ரிக்லி குடும்பம் நேர்மாறாக நடந்தது. 1920களிலேயே பல நிலையங்களைக் கப்ஸ் மைதானத்துக்குள் அனுமதித்தது. அவர்கள் கணக்குதான் சரியாக வந்தது.

உங்கள் ஊருக்கும் இதில் பெரிய இடமுண்டு. 1930களில் டி மொய்னின் டபிள்யூஹெச்ஓ நிலையத்தில் கப்ஸ் ஆட்டங்களை வர்ணித்தவர் ரொனால்ட் ரீகன், பின்னாளில் ஜனாதிபதியானவர். அவர் மைதானத்தில் இல்லை. சிகாகோவிலிருந்து தந்தியில் ஒவ்வொரு பந்துக்கும் நாலைந்து எழுத்துக் குறிப்பு வரும்: முதல் ஸ்ட்ரைக் (மட்டையாளர் சுற்றித் தவறவிட்ட, அல்லது அடிக்கும் எல்லைக்குள் வந்தும் விட்டுவிட்ட பந்து), முதல் பால் (அந்த எல்லைக்கு வெளியே வந்து அவர் அடிக்காமல் விட்டது), தாழ்வாக, இப்படி. தந்தி ஊழியர் அதைத் தட்டச்சு செய்து நீட்டுவார். மீதியை அறிவிப்பாளர் தன் மனத்திலிருந்து கட்டவேண்டும். கூட்டத்தின் இரைச்சலுக்கு இசைத்தட்டு, மட்டை அடிக்கு மரக்கட்டை. ஒருமுறை தந்தி அறுந்துபோனது. ரீகன் அந்த மட்டையாளரை ஃபவுல் (களத்தின் பக்கக் கோடுகளுக்கு வெளியே போகும் அடி) மேல் ஃபவுலாக அடிக்கவைத்து ஆறு நிமிடத்துக்கு மேல் சமாளித்ததாகப் பின்னாளில் சொன்னார். ஏன் ஃபவுல்? இரண்டு ஸ்ட்ரைக் ஆனபின் அடிக்கும் சாதாரண ஃபவுல் கணக்கில் ஏறாது. மறுநாள் செய்தித்தாளின் ஸ்கோர் அட்டவணையிலும் இருக்காது. பொய் மாட்டாத ஒரே இடம் அதுதான்.

இப்போது உங்கள் எண்கள். "இரண்டு-ஒன்று" என்றால் இரண்டு பால், ஒரு ஸ்ட்ரைக். பால் எப்போதும் முதலில் வரும். நான்கு பால் ஆனால் மட்டையாளர் முதல் பேஸுக்கு (ரன் எடுக்கச் சுற்றிவரும் நான்கு நிலைகளில் முதலாவது) நடந்து போவார். மூன்று ஸ்ட்ரைக் ஆனால் அவுட். ஆகவே "மூன்று-பூஜ்யம்" மட்டையாளருக்குச் சாதகம், "பூஜ்யம்-இரண்டு" பந்து வீசும் பிட்சருக்குச் சாதகம். "மூன்று-இரண்டு" என்றால் இருவருமே விளிம்பில் நிற்கிறார்கள். கிரிக்கெட் காதுக்கு இதுதான் முதல் தடை. அங்கே நாம் ரன்னைத் தேடிக் கேட்போம். இங்கே இந்த இரு எண்களும், எத்தனை அவுட், எந்த பேஸில் ஆள் என்பதும்தான் ஆட்டம். ஒரு ஆட்டத்தில் இரு தரப்பும் சேர்ந்து ஏறத்தாழ 300 பந்துகள் வீசுகின்றன. ஒவ்வொன்றும் இந்த நிலைமையை மாற்றுகிறது. ஒன்றுமே நடக்கவில்லை என்று நீங்கள் எழுதிய இடத்தில் அடுத்த பந்துக்கான பேரம் நடந்துகொண்டிருக்கிறது.

அந்த இடைவெளிதான் வர்ணனையாளரின் களம். டாட்ஜர்ஸின் வின் ஸ்கல்லி 1950 முதல் 2016 வரை 67 பருவங்கள் பேசினார். ஒருவரின் வாழ்க்கைக் கதையைத் தொடங்குவார், பந்து வந்ததும் நிறுத்தி எண்ணைச் சொல்வார், கதையை விட்ட இடத்தில் எடுப்பார். லாஸ் ஏஞ்சலஸ் ரசிகர்கள் மைதானத்துக்கே டிரான்சிஸ்டர் கொண்டுவந்து, கண்முன் நடப்பதை அவர் குரலில் கேட்டார்கள். 1965 செப்டம்பர் 9 அன்று டாட்ஜர்ஸ் பிட்சர் சாண்டி கோஃபாக்ஸ் ஒரு மட்டையாளரையும் பேஸ் ஏறவிடாமல் ஆட்டத்தை முடித்தபோது, ஸ்கல்லி மணி 9:46 என்று சொன்னார். அந்தப் பதிவு வீரருக்கு நினைவுப்பொருளாக இருக்கட்டும் என்று. கடைசி அவுட் விழுந்ததும் பேச்சை நிறுத்திக் கூட்டத்தைக் கேட்கவிட்டார். எனக்கு வர்ணனைக் கலையின் உச்சம் அந்த மௌனம்தான்.

சிறிய வேலைகளில்தான் பெரிய பிழைகள் வரும். இப்போதுதான் ரேடியோவைப் போட்டவருக்கு ஸ்கோர் தெரியாது. பேசுகிறவர் அதை மறந்துவிடுவார். ப்ரூக்லின் வர்ணனையாளர் ரெட் பார்பர் இதற்காகவே முட்டை வேகவைக்கும் மூன்று நிமிட மணற்கடிகாரம் ஒன்றைப் பக்கத்தில் வைத்துக்கொண்டார். மணல் இறங்கினால் ஸ்கோர். அடுத்த பிழை, உயர எழும்பும் பந்தையே பார்ப்பது. ஹோம் ரன் (நம் சிக்ஸர் போல) என்று கத்தியபின் அது சாதாரண கேட்ச்சாக முடியும். தேர்ந்தவர்கள் பந்தை விட்டுவிட்டு, தூரத்தில் நிற்கும் அவுட்ஃபீல்டரின் காலைப் பார்ப்பார்கள்; அவர் நிதானமாக நின்றால் பந்து உள்ளேதான் விழும். 2023இல் பந்து வீச நேரக்கட்டுப்பாடு வந்தது. பேஸில் ஆளில்லாதபோது 15 விநாடி. சராசரி ஆட்ட நேரம் 3 மணி 4 நிமிடத்திலிருந்து 2 மணி 40 நிமிடமாகக் குறைந்தது. ஆட்டத்துக்கு நல்லது; நீண்ட கதைகளுக்கு இடம் சுருங்கிவிட்டது என்பதில் எனக்கு வருத்தம்தான்.

நீங்கள் செய்ய வேண்டியது இது. ஒரே அணியை இரண்டு வாரம் விடாமல் கேளுங்கள். பெயர்கள் பழகினால் பாதி புரிந்துவிடும். டிவியை ஊமையாக்கி ரேடியோவை இணைத்துக் கேட்க முயலவேண்டாம். இரண்டும் வெவ்வேறு தாமதத்தில் வருவதால் குழப்பமே மிஞ்சும். ஒரு ஸ்கோர் அட்டை வாங்கி எழுதிக்கொண்டே கேளுங்கள். அதில் களத்தில் நிற்பவர்களை எண்ணால் குறிப்பார்கள்: பிட்சர் 1, கேட்சர் (நம் விக்கெட் கீப்பர் போல) 2, முதல் பேஸ் 3, இரண்டாம் பேஸ் 4, மூன்றாம் பேஸ் 5, ஷார்ட்ஸ்டாப் 6, பிறகு அவுட்ஃபீல்டில் மட்டையாளர் பார்வையில் இடமிருந்து வலமாக 7, 8, 9. ஷார்ட்ஸ்டாப் இரண்டாம், மூன்றாம் பேஸுக்கு நடுவே நிற்பதால் புதியவர்கள் அவருக்கு 5 போட்டுவிடுவார்கள், அவர் 6. "6-4-3" என்றால் ஷார்ட்ஸ்டாப் பந்தை எடுத்து இரண்டாம் பேஸ்காரருக்குத் தர, அவர் முதல் பேஸுக்கு எறிய, இருவர் அவுட்.

ஆனால் முதல் அட்டையை மட்டும் ரேடியோவை வைத்து எழுதவேண்டாம். உங்கள் நகரிலேயே, டி மொய்ன் ஆறும் ரக்கூன் ஆறும் கூடும் இடத்தில் பிரின்சிபல் பார்க் இருக்கிறது. கப்ஸின் கிளை அணியான அயோவா கப்ஸ் அங்கே ஆடுகிறது. பெரியவரையும் அழைத்துப் போங்கள். அட்டையில் சில கட்டங்கள் விட்டுப்போனால் பதறவேண்டாம். நியூயார்க் யாங்கீஸ் அணியில் ஷார்ட்ஸ்டாப்பாக ஆடிப் பிறகு வர்ணனைக்கு வந்த ஃபில் ரிசூட்டோகூட, தவறவிட்ட பந்துகளுக்கு "கவனிக்கவில்லை" என்று பொருள்படும் இரண்டெழுத்துக் குறி போட்டுவிட்டு அடுத்த கட்டத்துக்குப் போவார்.