ரோமின் கேட்டகோம்புகளில் சிலுவைக் காட்சி ஏன் இல்லை?

ரோமின் கேட்டகோம்புகள் எனப்படும் நிலத்தடிக் கல்லறைகளில் சிலுவையில் அறையப்பட்ட இயேசுவின் ஓவியம் ஏன் காணப்படுவதில்லை என்று கேட்டிருக்கிறீர்கள். முதலில், இவை கிறிஸ்தவர்கள் ஒளிந்து வாழ்ந்த இடங்கள் அல்ல. நகர எல்லைக்குள் புதைப்பதை ரோமச் சட்டம் தடுத்ததால், ஆப்பிய நெடுஞ்சாலை போன்ற சாலைகளின் ஓரத்தில் மென்மையான எரிமலைப் பாறையைக் குடைந்து, சுவர்களில் அடுக்கடுக்காகக் குழிகள் வெட்டி உடல்களை வைத்தனர். சிலுவையோ அக்காலத்தில் அடிமைகளுக்கும் கலகக்காரர்களுக்கும் விதிக்கப்பட்ட இழிவான தண்டனை. இறந்தவருக்கு அருகில் அதை வரைவதைவிட மீட்பைச் சொல்லும் காட்சிகளே பொருத்தமாகப் பட்டிருக்க வேண்டும் என்பது என் கருத்து. பிரிஸ்கில்லா கல்லறையின் 3ஆம் நூற்றாண்டுக் கூரை ஓவியத்தில், இயேசுவைக் குறிக்கும் நல்ல மேய்ப்பர், கிரேக்க-ரோமக் கலையில் முன்பே வழங்கிய மேய்ப்பன் உருவத்தை ஒத்து, தாடியற்ற இளைஞராக ஆட்டைத் தோளில் சுமந்து நிற்கிறார். விவிலியக் கதைகளில் வரும், பெரிய மீனிடமிருந்து தப்பிய யோனாவும், சிங்கங்களுக்கிடையே கைவிரித்து நிற்கும் தானியேலும் பல கல்லறைகளில் திரும்பத் திரும்ப வருகின்றனர்.