தேளுக்கு வாலே கிடையாது, அது வயிறு: உங்க பூச்சி கேள்விகளும் பதில்களும்

கே: சிலந்தி செத்தா மட்டும் ஏன் எட்டுக் காலையும் உள்ள மடக்கிக்கிட்டு கிடக்கு?

ப: சிலந்தி கால் ஒவ்வொண்ணுலயும் ஏழு துண்டு இருக்கும். அதுல முக்கியமான ரெண்டு மூட்டுல மடக்குறதுக்கு மட்டும்தான் தசை இருக்கு, நீட்டுறதுக்கு இல்லவே இல்ல. அப்புறம் எப்படி நடக்குதுன்னா, தலையும் நெஞ்சும் ஒண்ணா சேர்ந்த முன்னுடம்ப இறுக்கி உள்ள இருக்கிற ரத்தத்த பிரஷரா காலுக்குள்ள தள்ளும், கால் நீளும், ஜேசிபி கை நீளுதே அதே ஹைட்ராலிக் டெக்னிக் தான். செத்ததும் பிரஷர் போச்சு, கால் தானா உள்ள மடங்கிடும். தண்ணி வத்திப்போன சிலந்தி உயிரோட இருந்தாலும் நடக்கத் தடுமாறுறது இதனாலதான்.

கே: தேள் வால்ல எத்தனை கணு சார்?

ப: அஞ்சு, அதுக்கு அப்புறம் விஷப்பையோட கொடுக்கு. ஆனா அத வால்னு சொல்றதுல எனக்கு உடன்பாடே இல்ல, ஏன்னா குடல் அது வழியாத்தான் போகுது, மலத்துவாரமே அஞ்சாவது கணுவோட முடிவுல கொடுக்குக்கு கொஞ்சம் முன்னாடி இருக்கு, அப்ப அது நீண்டு போன வயிறு தானே! முன்னாடி இருக்கிற இடுக்கியையும் கால் கணக்குல சேர்க்காதீங்க. சிலந்தி வாய்ப் பக்கத்துல குட்டியா ரெண்டு கால் மாதிரி ஆடுமே, அந்த உறுப்புதான் தேளுக்கு இடுக்கியா இருக்கு. அடிப்பக்கம் கடைசி ஜோடி காலுக்குப் பின்னாடி வரிசையா பல்லு வெச்ச ரெண்டு உறுப்பு இருக்கும், தரைய தடவிப் பாக்க. சந்தேகம்னா போட்டோவ ஜூம் பண்ணிப் பாருங்க, கைல பிடிச்சுப் பாக்க வேணாம்.

கே: நாய் காதுல எடுத்த உண்ணிக்கு ஆறு கால் தான் இருக்கு. அப்ப பூச்சியா?

ப: அது குஞ்சு உண்ணி. முட்டையிலருந்து வரும்போது ஆறு கால், ரத்தம் குடிச்சு தோலுரிச்சா எட்டு. அதனால காலை மட்டும் எண்ணி முடிவு பண்ணாதீங்க. உணர்கொம்பு இருக்கா, தலை தனியா தெரியுதான்னு பாருங்க, ரெண்டும் இருந்தா அது பேன் பூச்சியா இருக்கலாம், இல்லாம உடம்பு ஒரே மூட்டையா இருந்தா உண்ணி. மழை விட்டதும் சிவப்பா ஊருமே வெல்வெட் பூச்சி, அதுவும் பூச்சி இல்ல, உண்ணிக்கு சொந்தக்காரன் தான்.

கே: பூரான்?

ப: பூச்சியும் இல்ல சிலந்தி இனமும் இல்ல. கணுவுக்கு ஒரு ஜோடி கால், மரவட்டைக்கு பெரும்பாலான கணுவுல ரெண்டு ஜோடி. பூரான் 'கடிக்கிறது' வாயால இல்ல, முதல் ஜோடி கால் தான் விஷ நகமா மாறியிருக்கு.

கே: எறும்போட இடுப்பு நெஞ்சு முடியிற இடம் தானே மேடம்/சார்?

ப: சார் தாங்க. பாக்க அப்படித்தான் இருக்கும், ஆனா வயித்தோட முதல் கணு நெஞ்சோட போய் ஒட்டிக்கிச்சு, இடுப்பு அதுக்குப் பின்னாடிதான் ஆரம்பிக்குது. லென்ஸ் கிடைச்சா அந்த இடுப்புல இருக்கிற முடிச்ச எண்ணுங்க, கட்டெறும்புக்கும் முசுறுக்கும் ஒண்ணு, சுருக்குனு கடிக்கிற நெருப்பு எறும்புக்கு ரெண்டு.