சுத்தியல் விழும் கணம்

கேள்வி: 1960களின் உளவுப் படப் பின்னணி இசையை 320 கேபிபிஎஸ் (விநாடிக்கு 320 கிலோபிட்) எம்பி3 கோப்புகளாக வைத்திருக்கிறேன். லாஸ்லெஸ் (இழப்பின்றிச் சுருக்கிய) தரத்தில் கேட்டால் வேறுபாடு தெரியுமா? இருக்கும் கோப்புகளையே ஃப்ளாக் (FLAC) என்னும் லாஸ்லெஸ் வகைக்கு மாற்றிக்கொள்ளலாமா?

பதில்: மாற்றலாம், ஆனால் பயனில்லை. எம்பி3 ஆனபோது கழிக்கப்பட்டவை திரும்பி வாரா. கோப்பின் அளவு மட்டும் பெருகும். குறுந்தகட்டிலிருந்து நேராக எடுத்த ஃப்ளாக்கோ, விநாடிக்கு 1,411 கிலோபிட் கொண்ட ஒலியை ஒரு பிட்கூடச் சிந்தாமல் ஏறத்தாழப் பாதி அளவுக்குச் சுருக்கி, கேட்கும்போது அப்படியே விரித்துத் தருகிறது.

வேறுபாடு தெரியுமா என்றால், 320இல் பெரும்பாலான காதுகளுக்குத் தெரியாது என்பதே என் கருத்து. குறைந்த தரத்தில்தான் குட்டு வெளிப்படும். 1965இல் வெளியான 'தி இப்கிரெஸ் ஃபைல்' படத்துக்கு ஜான் பேரி அமைத்த இசையில், கம்பிகளைச் சிறு சுத்தியலால் தட்டி வாசிக்கும் சிம்பலோம் முன்னின்று ஒலிக்கிறது. எம்பி3 ஒலியை ஏறக்குறைய 26 மில்லிவிநாடித் துண்டுகளாக்கிச் சுருக்குவதால், அமைதிக்கு நடுவே திடீரென விழும் அந்தத் தட்டலைச் சுருக்கும்போது எழும் பிழையொலி துண்டு முழுவதும் பரவி, தட்டலுக்கு முன்பே மெல்லிய சரசரப்பாகக் கசிந்து, அதன் கூர்மையை மழுக்கிவிடும். 128 கேபிபிஎஸ் கோப்பில் நல்ல ஹெட்ஃபோன் வழியே இதைக் கவனிக்கலாம்.

கோப்பின் வகையைவிட எந்தப் பதிப்பு என்பதையே நான் முதலில் பார்ப்பேன். சில மறுபதிப்புகளில் ஒட்டுமொத்த ஒலியளவையும் உயர்த்தி ஏற்ற இறக்கத்தை நசுக்கியிருப்பார்கள். பதுங்கி நடக்கும் இசைக்குப் பின் பித்தளைக் குழல்கள் வெடிக்கும் இடத்தில் திடுக்கிடவே தோன்றாது. லாஸ்லெஸ் அந்தச் சேதத்தையும் விசுவாசமாகக் கொண்டுவந்து சேர்க்கும். பழைய நாடாவின் இரைச்சல் கேட்டால் மட்டும் கவலை வேண்டாம். அது மூலத்திலேயே உள்ளது. ஒலியளவை இன்னும் நுணுக்கமாகப் பதியும் 24 பிட் கோப்புகளைத் தேடி அலையவும் வேண்டாம். குறுந்தகட்டின் 16 பிட் தரும் சுமார் 96 டெசிபல் வீச்சே (மிக மெல்லிய ஒலிக்கும் மிக உரத்த ஒலிக்கும் உள்ள இடைவெளி) அக்கால நாடாக்களுக்குத் தாராளம்.

புளூடூத் ஹெட்ஃபோன் என்றால், வழக்கமான கோடெக்குகள் (ஒலியைச் சுருக்கி அனுப்பும் முறைகள்) அதை மீண்டும் இழப்புடன் சுருக்கிவிடும் என்பதால் கம்பி இணைப்பே நல்லது. ஒப்பிடும்போது இரண்டையும் ஒரே ஒலியளவில் வைத்து, எது எதுவென்று சொல்லாமல் வேறொருவரை ஒலிக்கவிடச் சொல்லுங்கள். சற்று உரக்க ஒலிப்பதையே காது சிறந்ததென்று நம்பிவிடும்.