ஹாலிவுட் நடிகை ஜீன் டியர்னி ஏன் சினிமாவை விட்டுப் போனார்? திமிர் பிடித்தவர் என்கிறார்களே, உண்மையா?

திமிர் என்ற வார்த்தையைப் பார்த்தபிறகு பதில் எழுதாமல் இருக்க முடியவில்லை. நீங்கள் அநேகமாக 'லாரா' (1944) பார்த்துவிட்டு, இந்த முகம் அப்புறம் எங்கே போனது என்று தேடியிருப்பீர்கள். நான் அவரிடம் போய்ச் சேர்ந்தது வேறு வழியில்.

2010 ஜனவரியில் எனக்கு மூன்றாம் மாதம். சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போய் வந்தேன், அங்கே இரண்டு பிள்ளைகளுக்கு உடம்பெல்லாம் பொரிப்பொரியாக இருந்தது. பத்துப் பதினைந்து நாள் கழித்து எனக்கும் லேசான காய்ச்சல், முகத்திலும் கழுத்திலும் சிவப்புப் பொரி. மணல்வாரி என்று மாமியார் வேப்பிலை போட்டுப் படுக்க வைத்தார், மூன்றே நாளில் இறங்கிவிட்டது. பையன் பிறந்து ஒரு வயது தாண்டியும் கூப்பிட்டால் திரும்பமாட்டான். சமையலறையில் மிக்ஸி ஓடும்போது ஓடிவந்து ஜாரின் மேல் உள்ளங்கையை வைத்துக்கொள்வான், நிறுத்தியதும் கையை எடுத்துவிடுவான். அவனுக்கு மிக்ஸி என்றால் அந்த அதிர்வுதான் என்று எனக்குப் புரியவே பல மாதம் ஆனது. அவனுக்குக் காது கேட்காததற்குக் காரணம், கர்ப்பத்தில் எனக்கு வந்த ருபெல்லா என்ற பொரிக்காய்ச்சல் என்று டாக்டர் சொன்னார். சொந்தக்காரர்கள் ஒத்துக்கொள்ளவில்லை. அந்த ஜனவரியில் வந்த சூரிய கிரகணத்தில் நான் வெளியே வந்தேனாம், அதனால்தானாம்.

ருபெல்லா பற்றி ராத்திரி ராத்திரியாகத் தேடியபோதுதான் டியர்னியின் கதை கிடைத்தது. 1943-இல் கர்ப்பமாக இருந்தபோது, போர்வீரர்களை உபசரிக்க ஹாலிவுட்டில் நடத்திய கேன்டீனுக்குப் போனார், அடுத்த சில நாளில் ருபெல்லா. அக்டோபரில் மகள் டாரியா குறைமாதத்தில் பிறந்தாள், ஒன்றரை கிலோகூட இல்லை. காது கேட்காது, கண்ணில் புரை, மூளை வளர்ச்சியும் இல்லை. பிறகு ஒருநாள் ஒரு ரசிகை வந்து, அன்றைக்கு எனக்கு ருபெல்லா, வெளியே போகக்கூடாது என்றார்கள், உங்களைப் பார்க்கத்தான் மீறி வந்தேன் என்று ஆசையாகச் சொல்லியிருக்கிறார். டியர்னி பதிலே பேசாமல் திரும்பிக்கொண்டார். இதைத்தான் திமிர் என்று சொல்வீர்களா?

அந்த ரசிகையைக் குற்றம் சொல்வதாக யாரும் சண்டைக்கு வரவேண்டாம். கர்ப்பத்தில் ருபெல்லா வந்தால் குழந்தையைப் பாதிக்கும் என்று ஆஸ்திரேலியக் கண் மருத்துவர் நார்மன் கிரெக் சொன்னதே 1941-இல்தான், அமெரிக்காவில் தடுப்பூசி வந்தது 1969-இல். டியர்னி பணக்காரி, மருத்துவச் செலவைக் கோடீஸ்வரர் ஹோவர்ட் ஹியூஸ் ஏற்றுக்கொண்டார், மகளைக் காப்பகத்தில் விட்டுவிட்டார், அவரோடு உன்னை ஒப்பிடுவதா என்றும் சிலர் கேட்பார்கள். நான் ஒப்பிடவில்லை. அவர் விட்டது அன்பு இல்லாமல் அல்ல என்று மட்டும் அடித்துச் சொல்வேன், அந்த வீட்டுக்குள் இருந்து பார்த்தால்தான் அது தெரியும்.

வேலையை அவர் உடனே விட்டுவிடவும் இல்லை. 'லீவ் ஹெர் டு ஹெவன்' (1945) படத்துக்கு ஆஸ்கார் பரிந்துரை வந்ததே இதற்குப் பிறகுதான். ஆனால் 1955-இல் வெளிவந்த ஒரு படத்தில் நடிகர் ஹம்ப்ரி போகார்ட்டோடு நடித்தபோது வசனம் நினைவில் நிற்கவில்லை. போகார்ட்டின் தங்கைக்கும் மனநோய் இருந்ததால் அவருக்கு உடனே புரிந்துவிட்டது, வரிகளை எடுத்துக் கொடுத்து நடிக்க வைத்தார். அப்புறம் மனநல மருத்துவமனைகள், 27 தடவை மின்அதிர்ச்சி சிகிச்சை, நினைவிலிருந்து அழிந்துபோன பல நாட்கள். கன்சாஸில் சிகிச்சையின்போது ஒரு துணிக்கடையில் விற்பனைப் பெண்ணாக நின்றார், அதையும் பத்திரிகைக்காரர்கள் செய்தியாக்கினார்கள். 1962-இல் திரும்பி வந்து நடிக்கவும் செய்தார்.

கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன். போன மாதம் பையனின் மாற்றுத்திறனாளி அட்டைக்காக ஓர் அலுவலகத்தில் மூன்று மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். காது கேளாதவர்களுக்கான வரிசை அது, பெயரை உள்ளேயிருந்து வாயால்தான் கூப்பிடுகிறார்கள். தனியாக வந்திருந்த ஒரு பெரியவரின் பெயரை மூன்று தடவை கூப்பிட்டுவிட்டு அடுத்த ஆளுக்குப் போய்விட்டார்கள். ஒரு பலகையில் எண்ணை எழுதி மாட்ட என்ன கஷ்டம்?

சரி, டியர்னி. 'லாரா'வில் செத்துப்போனதாக எல்லோரும் நினைத்திருக்கும் பெண், மழைத் தொப்பியோடு கதவைத் திறந்து உள்ளே வருவாள். இன்னொரு தடவை அந்தக் காட்சியைப் பாருங்கள். அதை எடுத்தபோது வீட்டில் டாரியாவுக்கு ஒரு வயதுகூட ஆகவில்லை.